ஜப்பானில் ஒரு மாலை உணவு உலா: புறப்படுமுன் கற்க வேண்டிய பாடம்

1928ஆம் ஆண்டில் திருவனந்தபுரத்து இளைஞர் ஒருவர் பொறியியல் பயில்வதற்காக ஜப்பானின் கியோட்டோ நகரைச் சென்றடைந்தார். அய்யப்பன் பிள்ளை மாதவன் நாயர் என்பது அவருடைய பெயர், ஏ. எம். நாயர் என்றே பலரும் அறிவர். ராஷ் பிகாரி போஸுடன் இணைந்து ஜப்பானிலிருந்தபடியே இந்திய விடுதலைக்கு உழைத்த அவர், போர் முடிந்த பிறகு 1949இல் டோக்கியோவின் கின்சா பகுதியில் ஓர் இந்திய உணவகத்தைத் தொடங்கினார். 1990இல் அவர் மறைந்த பின்னரும் அவருடைய மகனும் பெயரனும் அதனைத் தொடர்ந்து நடத்தினர்.

அவ்வுணவகத்தின் புகழ்பெற்ற உணவு கோழிக் குழம்பும் சோறும் ஆகும். பரிமாறுபவர் மேசையருகே நின்று, நன்கு வெந்த கோழிக்காலிலிருந்து எலும்பை நீக்கித் தருவார். பின்னர், "எல்லாவற்றையும் நன்றாகக் கலந்து உண்ணுங்கள்" என்று அறிவுறுத்துவார். சோற்றையும் குழம்பையும் தனித்தனியே வைத்துக் கரண்டியால் எடுத்து உண்டு பழகிய ஜப்பானியருக்கு அது புதிய பாடம். சோற்றைப் பிசைந்து உண்பதை நமக்கு யாரும் கற்பித்ததில்லை. ஆனால் அயல்நாட்டு விருந்தினருக்கு அதனைச் சொல்லித்தர ஒருவர் தேவைப்பட்டார்.

இன்று நம் வாடிக்கையாளர்களில் பலர் ஜப்பானுக்குச் சுற்றுலா செல்கின்றனர். பிள்ளைகள் அங்கே பணிபுரிவதால் செல்லும் பெற்றோரும் உண்டு. அங்கே சிறு குழுவாகச் சென்று உள்ளூர் உணவைச் சுவைக்கும் மாலை உலாவில், வழிகாட்டியானவர் நாயர் உணவகத்தின் பரிமாறுபவர் செய்த பணியையே நமக்குச் செய்கிறார். எதனை எப்படி உண்பது என்பதை அவர் சொல்லித்தருவார். ஆனால் நாம் எதனை உண்ணமாட்டோம் என்பதை நாம்தான் அவருக்குச் சொல்ல வேண்டும். அதனை எப்போது, எவ்வளவு தெளிவாகச் சொல்கிறோம் என்பதைப் பொறுத்தே அம்மாலை இனிதாகவோ வருத்தமாகவோ முடியும். இக்கட்டுரையின் பாடம் இதுவே.

உணவு உலா என்பது யாது?

பொதுவாக ஆறு முதல் எட்டுப் பேர் வரை ஒரு வழிகாட்டியுடன் சேர்ந்து, ஏறத்தாழ மூன்று மணி நேரம் நடந்து, மூன்று அல்லது நான்கு கடைகளில் சிறிது சிறிதாக உண்பதே உணவு உலா. குழு சிறிதாயிருப்பதற்குக் காரணம் உண்டு. இசகாயா எனப்படும் மாலைநேரச் சிற்றுணவு மதுக்கடைகள் பலவற்றில் எட்டு அல்லது பத்து இருக்கைகளே இருக்கும். உணவுப் பட்டியல் ஜப்பானிய எழுத்தில் சுவரில் ஒட்டப்பட்டிருக்கும். கடைக்காரருக்கு ஆங்கிலம் தெரியாமலிருக்கலாம். இத்தகைய கடைக்குள் நாம் தனியே நுழைந்து, கேட்டு உண்பது எளிதன்று.

உள்ளூர் உணவு நகரத்துக்கு நகரம் வேறுபடும். டோக்கியோவில் யூராகுச்சோ இரயில் பாலத்தின் அடியிலுள்ள கடைகளில் யாகிதோரி எனும் கோழிக் கம்பிச்சூடு கிடைக்கும். சுகிஷிமா பகுதி, இரும்புத் தட்டில் வார்க்கும் நெகிழ்வான மொஞ்சாயாகிக்குப் பெயர்பெற்றது. ஒசாக்காவின் தோத்தோன்போரியில் முட்டைக்கோசு கலந்த ஒகோனோமியாகியும், ஆக்டோபசு துண்டை உள்ளே வைத்த தாகோயாகி உருண்டையும் பெயர்பெற்றவை. ஃபுக்குவோக்காவில் ஆற்றங்கரைத் தள்ளுவண்டிக் கடைகள் மாலையில்தான் திறக்கின்றன. ஆகவே, எந்த நகரத்தின் உலா என்பதைப் பொறுத்து நமக்குரிய உணவின் அளவும் மாறும்.

வழிகாட்டியைத் தேர்ந்தெடுக்கையில் உரிமத்தை மட்டும் பார்த்தல் போதாது. 2018 முதல் ஜப்பானில் அரசு உரிமம் பெறாதவரும் கட்டணம் பெற்று வழிகாட்டலாம். எனவே குழுவின் உச்ச எண்ணிக்கை, செல்லும் கடைகளின் வகை, உணவுக் கட்டுப்பாடுகள் பற்றிய அறிவிப்பு, பதிவை நீக்கும் விதிகள் ஆகிய நான்கையும் படித்தறிதல் வேண்டும்.

கண்ணுக்குத் தெரியாத மீன்

ஓர் எடுத்துக்காட்டை எடுத்துக்கொள்வோம். கரமனையில் வாழும் ஓய்வுபெற்ற தம்பதியர் டோக்கியோவிலுள்ள மகளைக் காணச் செல்கின்றனர். கணவர் மீனும் கோழியும் உண்பார். மனைவியார் பிறந்தது முதல் சைவ உணவு மட்டுமே உண்பவர், முட்டையும் உண்ணமாட்டார். மகள் பெற்றோருக்காக ஓர் உணவு உலாவில் மூன்று இடங்களைப் பதிவு செய்கிறார். படிவத்தில், "ஒருவர் சைவம்" என்று மட்டும் குறிப்பிடுகிறார். இந்த இரு சொற்கள் போதுமா?

போதா. ஜப்பானியச் சமையலின் அடித்தளம் தாஷி எனும் சாறு. அதில் பெரும்பாலும் இரு பொருள்கள் சேரும். ஒன்று கொம்பு எனும் கடற்பாசி. மற்றொன்று கத்சுவோபுஷி. சூரை மீனை வேகவைத்து, புகையூட்டி, மரக்கட்டை போல் இறுகும்வரை உலர்த்தி, மெல்லிய இழைகளாகச் சீவுவதே கத்சுவோபுஷி. இது நமக்கு முற்றிலும் அந்நியமானதன்று. இலட்சத்தீவின் மினிக்காய்த் தீவிலும், மாலத்தீவிலும், இலங்கைச் சமையலிலும் வழங்கும் மாசிக் கருவாடு இதன் நெருங்கிய உறவாகும். அதுவும் சூரை மீனை வேகவைத்துப் புகையூட்டி உலர்த்தியதே. மாசி இட்ட சம்பலில் மீன் துண்டு கண்ணில் படாவிட்டாலும் சுவை நாவில் படுவதைப் பலரும் அறிவர். தாஷியும் அத்தகையதே.

கொம்புச் சாற்றின் தனிச்சுவை எதனால் வருகிறது என்று ஆராய்ந்த டோக்கியோ பேராசிரியர் இக்கேடா கிக்குனாயே, 1908இல் குளுட்டமேட்டைப் பிரித்தெடுத்து, அச்சுவைக்கு உமாமி என்று பெயரிட்டார். கடற்பாசியிலிருந்தே அச்சுவை கிடைக்கிறது என்பது சைவர்களுக்கு நற்செய்தி. பௌத்த மடங்களின் ஷோஜின் உணவில் கொம்பும் உலர்ந்த ஷீத்தாக்கே காளானும் கொண்டே சாறு எடுக்கின்றனர். ஆயினும் மாலைநேரக் கடைகளில் மீன் கலந்த சாறே பொது வழக்கம்.

இதன் விளைவை எண்ணிப் பாருங்கள். மிசோ சூப்பில் மீன் துண்டு இராது, சாறு மீனுடையது. கீரையை வேகவைத்துத் தரும் கிண்ணத்திலும், காய்களைப் பதமாக வேகவைத்த நிமோனோவிலும், சோபா எனும் நூடுல்சின் குழம்பிலும், தெம்புராவைத் தோய்க்கும் நீர்மத்திலும் அதே சாறு. குளிர்ந்த டோஃபுவின் மேலும், சுட்ட கத்தரிக்காயின் மேலும் கத்சுவோபுஷி இழைகளைத் தூவித் தருவர். காய்கறி தெம்புராவின் மாவில் முட்டை கலந்திருக்கலாம். இவை அனைத்தும் காண்பதற்குச் சைவமே.

மேலும் ஒரு மொழிச் சிக்கலும் உண்டு. நிக்கு என்றால் இறைச்சி. "நிக்கு வேண்டாம்" என்று சொன்னால் பலர் மாட்டிறைச்சியையும் பன்றி இறைச்சியையுமே நினைப்பர். மீன் அதில் அடங்காது. கடைக்காரர் ஏமாற்றவில்லை. நாம் சொன்ன சொல்லுக்கு அவர் ஊரில் என்ன பொருளோ அதனையே அவர் செய்கிறார். ஆனால் விளைவு, அறுபது ஆண்டுகள் காத்த ஒழுக்கம் ஒருவர் அறியாமலேயே ஒரு கிண்ணத்தில் முறிவது. அல்லது மற்றவர் உண்ணும்போது மூன்று மணி நேரம் அவர் வெறுந்தட்டின் முன் அமர்ந்திருப்பது.

எழுத வேண்டிய கடிதம்

ஆகவே பணம் செலுத்துவதற்கு முன்பே, உலா நடத்துவோருக்குக் கீழ்க்கண்டவாறு எழுதுவது நன்று.

"நாங்கள் மூவர். ஒருவர் மீனும் கோழியும் உண்பார். மாட்டிறைச்சியும் பன்றி இறைச்சியும் உண்ணமாட்டார். மற்றொருவர் இறைச்சி, மீன், முட்டை ஆகியவற்றை உண்ணமாட்டார். மீன் சாறு, கத்சுவோபுஷி, விலங்குக் கொழுப்பு ஆகியவையும் அவருக்கு ஆகா. பால், வெங்காயம், பூண்டு, காளான், கடற்பாசி ஆகியவற்றை உண்பார். மூன்றாமவருக்கு எக்கட்டுப்பாடும் இல்லை. எவரும் மது அருந்துவதில்லை. நீங்கள் அழைத்துச் செல்லும் ஒவ்வொரு கடையிலும் இரண்டாமவர் உண்ணத்தக்கவை எவை என்று தெரிவிக்க வேண்டுகிறோம். கிடைக்காவிடில் தயங்காமல் சொல்லுங்கள். வேறு ஏற்பாடு செய்துகொள்வோம்."

இக்கடிதத்தில் மூன்று செய்திகளைக் கவனியுங்கள். முதலாவது, உண்ணாதவற்றைப் போலவே உண்பவற்றையும் அது சொல்கிறது. சமைப்பவருக்கு அதுவே பெரிதும் பயன்படும். இரண்டாவது, கடைவாரியாக விடை கேட்கிறது. "பார்த்துக்கொள்ளலாம்" என்ற பொதுவான உறுதிமொழி போதாது. மூன்றாவது, மறுப்பதற்கு வழிவிடுகிறது. ஜப்பானியர் முகத்துக்கு நேரே "முடியாது" என்று சொல்லத் தயங்குவர். "சோத்தோ முசுகாஷீ", அதாவது "சற்றுக் கடினம்" என்று விடை வந்தால், அதனை "இயலாது" என்றே கொள்ளுதல் வேண்டும். அதனை இசைவென்று எண்ணிப் பதிவு செய்தோர் பின்னர் வருந்துவர்.

அடுத்து, அடுப்பைப் பற்றிய கேள்வி. யாகிதோரிக் கடையில் பச்சை மிளகாய் போன்ற ஷிஷித்தோ, வெங்காயத் தண்டு, ஷீத்தாக்கே காளான் ஆகியவற்றையும் கம்பியில் கோத்துச் சுடுவர். உப்பு மட்டும் தூவச் சொன்னால் பொருள் சைவமே. ஆனால் அதே கரியடுப்பில்தான் கோழியும் சுடப்படுகிறது. அதே எண்ணெயில்தான் இறாலும் பொரிக்கப்படுகிறது. இதனை ஏற்பதா, மறுப்பதா என்பது அவரவர் மனத்தைப் பொறுத்தது. ஏற்பவரும் உண்டு, ஏற்காதவரும் உண்டு. அம்முடிவை வீட்டிலேயே எடுத்துவிட வேண்டும். மூன்று நாள்கள் முன்னதாக எளிதாகக் கேட்கத்தக்க கேள்வி, கடைக்காரர் தட்டை நீட்டி நிற்கும்போது இருவரையும் சங்கடப்படுத்தும்.

இசுலாமிய வாடிக்கையாளர்கள் பன்றி இறைச்சியோடு மிரின், சாக்கே ஆகிய அரிசி மதுவகைகள் சமையலில் சேர்வதையும் கருத்தில் கொள்ள வேண்டும். இவ்விரண்டையும் தவிர்த்தல் வேண்டுமானால் தனியே குறிப்பிடுதல் அவசியம்.

ஒவ்வாமை உள்ளோரின் நிலை இன்னும் கடுமையானது. அங்கே உயிரே பணயம். ஜப்பானில் பொதியிட்ட உணவுகளில் கோதுமை, முட்டை, பால், நிலக்கடலை, இறால், நண்டு ஆகியவற்றோடு சோபா செய்யும் பக்வீட் மாவு இருப்பதையும் குறிப்பிடச் சட்டம் கட்டாயப்படுத்துகிறது. உணவகத்தில் சமைத்துத் தரும் உணவுக்கு அக்கட்டாயம் இல்லை. ஆகவே ஒவ்வாமையை "உண்ணமாட்டேன்" என்ற பட்டியலில் சேர்க்காமல், "உண்டால் உயிருக்கு ஆபத்து" என்று தனி வரியில் எழுதுக.

ஜப்பானிய எழுத்தில் அச்சிட்ட சிறு அட்டை ஒன்றையும் வைத்திருத்தல் நலம். வாயால் சொல்வதற்கு ஒரு வாக்கியம் போதும்: "சகானா நோ தாஷி மோ தாபெராரெமாசென்." மீன் சாறும் உண்ண இயலாது என்பது இதன் பொருள். "மோ" என்ற ஓரெழுத்து நம் உம்மையின் வேலையைச் செய்கிறது.

மேசையில் ஒழுகும் முறை

அமர்ந்தவுடன் ஈரத்துண்டு தருவர். அது கைகளைத் துடைப்பதற்கு. உண்ணுமுன் "இதாதாகிமாசு" என்றும், உண்டபின் "கொச்சிசோசாமா" என்றும் சொல்வது மரபு. உணவுக் குச்சிகளைச் சோற்றில் செங்குத்தாக நட்டு வைத்தலும், ஒருவர் குச்சியிலிருந்து மற்றவர் குச்சிக்கு உணவை மாற்றுதலும் ஆகாதவை. இரண்டும் அவர்களுடைய இறுதிச் சடங்கை நினைவூட்டுவன. ஒசாக்காவின் குஷிகாத்சு கடைகளில் பொதுக் கிண்ணத்துச் சாற்றில் கம்பியை ஒருமுறை மட்டுமே தோய்க்கலாம். கடித்த பின் மீண்டும் தோய்க்கலாகாது. எச்சில் பற்றிய கண்டிப்பு நம் வீடுகளிலும் உண்டு என்பதால் இவ்விதி நமக்குக் கடினமாகத் தோன்றாது.

இசகாயாவில் நாம் கேளாமலேயே ஒரு சிறு கிண்ணம் வரும். அதன் பெயர் ஓதோஷி. அது இலவசமன்று, இருக்கைக் கட்டணத்துக்கு ஈடானது. ஆளுக்கு 300 முதல் 500 யென் வரை பட்டியலில் சேர்வது வழக்கம். அதில் மீன் இருக்கலாம் என்பதால், சைவர்கள் அதனைத் தொடுமுன் வழிகாட்டியிடம் கேட்டறிதல் வேண்டும். அன்பளிப்புப் பணம் தரும் வழக்கம் ஜப்பானில் இல்லை. மேசையில் விட்டுச் சென்றால், மறந்துவிட்டீர்கள் என்று எண்ணிப் பின்னால் ஓடிவந்து தருவர். மதுவுக்குரிய வயது 20. மது அருந்தாதோர் ஊலோங் தேநீர் கேட்கலாம். அதனை யாரும் வேறுபாடாக எண்ணுவதில்லை.

பணக் கணக்கு

உலாக் கட்டணத்தில் எவையெவை அடங்கும் என்பதை முதலில் உறுதிசெய்க. உணவு மட்டுமா, பானங்கள் எத்தனை, ஓதோஷிக் கட்டணம் சேர்ந்ததா, கடைகளுக்கிடையே இரயில் கட்டணம் யாருடையது என்பன கேட்கத்தக்க கேள்விகள்.

கணக்கு விளங்குவதற்காக ஓர் எடுத்துக்காட்டு. ஆளுக்கு 12,000 யென் கட்டணம் என்றும், ஒரு யென்னுக்கு 60 காசு என்றும் கொள்வோம். இருவருக்கு 24,000 யென், அதாவது ரூ.14,400. அட்டையின் அந்நியச் செலாவணிக் கூடுதல் கட்டணம் 3.5 விழுக்காடு என்றால் ரூ.504. அக்கட்டணத்தின் மீது 18 விழுக்காடு ஜிஎஸ்டி ரூ.90.72. ஆக மொத்தம் ரூ.14,994.72. கூடுதல் கட்டணம் அட்டைக்கு அட்டை மாறும். ஆகவே புறப்படுமுன் உங்கள் அட்டையின் விகிதத்தைக் கிளையில் கேட்டறிந்து இதே முறையில் கணக்கிடுக.

அட்டை வழங்கும் கருவி சில நேரங்களில் "ரூபாயில் செலுத்துகிறீர்களா, யென்னிலா?" என்று கேட்கும். யென் என்பதையே தேர்ந்தெடுக்க. ரூபாயைத் தேர்ந்தெடுத்தால் மாற்று விகிதத்தை எதிர்த்தரப்பினர் நிர்ணயிப்பர். அது பெரும்பாலும் நமக்கு நட்டமே.

இந்திய ரிசர்வ் வங்கி 2020இல் வகுத்த விதிப்படி, புதிய அட்டைகள் உள்நாட்டுப் பயன்பாட்டுக்கு மட்டுமே திறக்கப்பட்டு வழங்கப்படுகின்றன. வெளிநாட்டுப் பயன்பாட்டை வாடிக்கையாளரே செயலியிலோ கிளையிலோ திறந்துகொள்ள வேண்டும். நாள் உச்சவரம்பையும் அப்போதே அமைத்துக்கொள்ளலாம். திரும்பியதும் மீண்டும் மூடிவிடுதல் பாதுகாப்பு.

சிறு கடைகளில் ரொக்கம் மட்டுமே வாங்குவோர் இன்னும் உளர். வழிகாட்டிக்கு முன்பணம் செலுத்திவிட்டாலும், கூடுதல் பானத்துக்கும் வாடகைக் காருக்கும் யென் நோட்டுகள் கையில் இருத்தல் வேண்டும். டோக்கியோவில் இரயில்கள் நள்ளிரவை ஒட்டி நின்றுவிடும்; காலை 5 மணி அளவில்தான் மீண்டும் தொடங்கும். உலா முடியும் நேரத்தையும் தங்குமிடத்துக்குச் செல்லும் கடைசி இரயிலையும் ஒப்பிட்டுப் பார்க்கவும்.

முழுப் பயணத்தையும் பயண முகவர் வழியே தொகுப்பாக வாங்குவோர், பட்டியலில் டிசிஎஸ் எனும் வரிப்பிடித்தம் இருப்பதைக் காண்பர். அது இழப்பன்று. நிரந்தரக் கணக்கு எண் சரியாகக் குறிக்கப்பட்டிருந்தால், வருமானவரிக் கணக்கு தாக்கல் செய்கையில் அதனை ஈடுசெய்துகொள்ளலாம்.

பதிவை நீக்கும் விதிகளைப் படித்தல் பணத்துக்காக மட்டுமன்று. பத்து இருக்கைகள் கொண்ட கடையில் ஆறு இருக்கைகளை நமக்காக ஒதுக்கியவர், அன்று வேறு விருந்தினரைத் திருப்பி அனுப்பியிருப்பார். உடல்நலம் குன்றினால் உடனே தெரிவிப்பது அவருடைய அன்றைய வருவாயைக் காக்கும்.

எடுத்துக்காட்டின் முடிவு

கரமனைத் தம்பதியரிடம் மீண்டும் வருவோம். மகள் கடிதத்தை எழுதினார் என்று கொள்க. விடை வருகிறது: முதற்கடையில் உப்பிட்ட காளானும் ஷிஷித்தோவும் உண்டு, ஆனால் அடுப்பு ஒன்றே. இரண்டாம் கடையில் வேகவைத்த பச்சைச் சோயாக் காயும், இழை தூவாத டோஃபுவும், வெள்ளரிக்காய்ச் சுருளும் கிடைக்கும். மூன்றாம் கடையான சோபாக் கடையில் அவருக்குரியது எதுவுமில்லை. இப்போது குடும்பத்தின் முன் தெளிவான தெரிவு இருக்கிறது. மனைவியார் இரண்டாம் கடையில் வயிறார உண்டு, மூன்றாம் கடையில் தேநீர் அருந்தலாம். அல்லது கணவரும் மகளும் மட்டும் உலா செல்ல, மறுநாள் மூவரும் ஷோஜின் உணவகம் ஒன்றுக்குச் செல்லலாம். எதனைத் தேர்ந்தெடுத்தாலும், அது அவர்கள் அறிந்து எடுத்த முடிவு.

தற்சோதனை

1. உங்கள் குடும்பத்தில் ஒவ்வொருவரும் உண்பவை, உண்ணாதவை, உண்டால் ஆபத்தானவை ஆகியவற்றை மூன்று பத்திகளாக எழுத இயலுமா?
2. ஒரே அடுப்பு, ஒரே எண்ணெய் பற்றி உங்கள் முடிவு யாது?
3. உலாவின் ஒவ்வொரு கடைக்கும் எழுத்தில் விடை பெற்றீர்களா?
4. அட்டையின் வெளிநாட்டுப் பயன்பாடு திறந்துள்ளதா? அதன் கூடுதல் கட்டணம் எவ்வளவு?
5. கடைசி இரயில் எப்போது?

இவ்வைந்துக்கும் விடை இருந்தால் கவலையின்றிப் புறப்படலாம். டோக்கியோவில் ஒரு மதிய வேளை ஓய்வாகக் கிடைத்தால், கின்சாவுக்கும் சென்று வாருங்கள். திருவனந்தபுரத்துக்காரர் ஒருவர் தொடங்கிய மேசைகளில் ஜப்பானியர் சோற்றையும் குழம்பையும் கலந்து உண்ணப் பழகியதை எண்ணிப் பார்த்தால், அவர்களுடைய மேசையில் நாம் கற்கும் பாடமும் எளிதாகத் தோன்றும்.